4,198 அடி: அமெரிக்காவின் யூட்டா மாநிலச் சட்டமன்றத்துக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய யூட்டா மாநில மேலவை, கீழவை உறுப்பினர்களுக்கு,

வணக்கம். கிரேட் சால்ட் லேக் ஏரியைப் பற்றித்தான் எழுதுகிறேன். மட்டம் எவ்வளவு, யார் எவ்வளவு தண்ணீர் எடுக்கிறார்கள் என்பதெல்லாம் எங்களுக்கு முன்பே உங்கள் மேசைக்கு வந்துவிடுகிறது. அதனால் பழைய கதைக்குள் போகவில்லை. 2023 இல் பனி கொட்டியதிலிருந்து ஏரி பிழைத்துவிட்டது என்று ஒரு நிம்மதி பரவியிருக்கிறதே, அதுதான் என்னை எழுத வைத்தது. 2022 நவம்பரில் கடல் மட்டத்திலிருந்து 4,188.5 அடி உயரத்துக்கு இறங்கி, இதுவரை காணாத தாழ்வைத் தொட்ட ஏரி அந்த ஒரு பருவத்தில் ஐந்தடிக்கு மேல் ஏறியது உண்மை. ஆனால் 2025 இலையுதிர் காலத்துக்குள் 4,191 அடி அளவுக்கு மறுபடி இறங்கிவிட்டதும் உண்மைதான்.

கேட்பது ஒன்றே ஒன்று. ஏரியின் மட்டம் 4,198 அடி இருக்க வேண்டும் என்று சட்டமாக எழுதுங்கள். இந்த எண்ணை நான் கண்டுபிடிக்கவில்லை, ஏரி நலமாக இருக்கும் மட்டம் இங்கேதான் தொடங்குகிறது என்று மாநிலத்தின் வல்லுநர்களே சொல்கிறார்கள். 2023 இல் இதை இலக்காக வைத்து ஒரு தீர்மானம் வந்தது. யாரையும் கட்டுப்படுத்தாத, வெறும் விருப்பத் தீர்மானம். அதுவே குழுவைத் தாண்டவில்லை.

ஏரியின் வடபகுதியில் கன்னிசன் தீவு இருக்கிறது. வெள்ளைக் கூழைக்கடாக்கள் தலைமுறை தலைமுறையாக முட்டையிட்டு வந்த இடம். வட அமெரிக்காவின் மிகப் பெரிய கூழைக்கடாக் குடியிருப்புகளில் ஒன்று. அந்தப் பறவைகள் படும் பாட்டைக் கொஞ்சம் எண்ணிப்பாருங்கள். உப்பு மிகுந்த இந்த ஏரியில் மீன் கிடையாது. இரைக்காக முப்பது மைலுக்கும் அப்பால், பியர் ஆறு கலக்கும் சதுப்பு நிலங்கள் வரை பறந்துபோய், மீனைச் சுமந்து திரும்ப வேண்டும். பக்கத்திலேயே மீன் கிடைக்கும் இடங்களை விட்டுவிட்டு இவ்வளவு தூரத்தில் ஏன் கூடு கட்டின? நான்கு புறமும் தண்ணீர், எதிரி யாரும் கால் வைக்க முடியாது என்ற ஒரே காரணம்தான். ஏரி வற்ற வற்றத் தீவுக்குத் தரைவழி உண்டாகிவிட்டது. கொயோட்டி நரிகள் நடந்தே போயின. 2023 இல் பறவைகள் அந்தத் தீவின் கூடுகளைக் கைவிட்டன. கொஞ்சம் பறவைகள், பல பத்தாண்டுகளாக அவற்றின் கூடே இல்லாமல் இருந்த ஹாட் தீவில் கட்டிப் பார்த்தன. அது பனி கொட்டிய ஆண்டு, நாமெல்லாம் ஏரி பிழைத்தது என்று கொண்டாடிய அதே ஆண்டு என்பதை நினைவில் வையுங்கள்.

பறவைகளுக்கு நன்றி சொல்லத் தெரியாத மாநிலமும் இல்லை இது. 1848 இல் முதல் குடியேறிகளின் பயிரை அழித்த பூச்சிகளைக் கடற்காக்கைகள் தின்று தீர்த்தன என்று சால்ட் லேக் சிட்டி நகரின் நடுவே 1913 இல் நினைவுத் தூணே எழுப்பியிருக்கிறோம். கடற்காக்கைதான் மாநிலப் பறவை. வெண்கலப் பறவைக்குத் தண்ணீர் தேவைப்படாதது உங்களுக்கு வசதியாகப் போயிற்று.

பணம் இல்லை, அவகாசம் இல்லை, இயற்கையோடு மல்லுக்கட்ட முடியாது என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். 1980களை நினைத்துப்பாருங்கள். 1983 இல் நகரின் ஸ்டேட் தெருவில் மணல் மூட்டை அடுக்கி வெள்ளத்தை ஆறாக ஓடவிட்டோம். ஏரி 4,211 அடிக்கு மேல் ஏறியபோது நெடுஞ்சாலையும் ரயில் பாதையும் ஆபத்தில் இருந்தன. 1986 இல் இதே சட்டமன்றம் கூடி முடிவெடுத்தது. 1987 ஏப்ரலில், அதாவது ஓராண்டுக்குள், மூன்று ராட்சத பம்புகள் ஏரித் தண்ணீரை மேற்குப் பாலைவனத்தில் இறைக்கத் தொடங்கிவிட்டன. செலவு சுமார் 6 கோடி டாலர். இரண்டே ஆண்டு ஓட்டிவிட்டு நிறுத்தினோம். ஏரி தளும்பியபோது எத்தனை அடி வரை பொறுக்கலாம் என்று நமக்குத் தெளிவாகத் தெரிந்திருந்தது. வற்றும்போது மட்டும் எண் சொல்லத் தயக்கம்.

விவசாயிகளைக் குறைசொல்லி எழுதவில்லை. ஏரிக்கு வர வேண்டிய தண்ணீரில் எடுக்கப்படுவதில் சுமார் மூன்றில் இரண்டு பங்கு வயல்களுக்குப் போகிறது, அதிலும் பெரும்பாலும் குதிரைமசாலுக்கும் தீவனப் புல்லுக்கும். அதற்கு உங்கள் சட்டமும் ஒரு காரணம். ஏழு ஆண்டு பயன்படுத்தாவிட்டால் தண்ணீர் உரிமை போய்விடும் என்றால் எந்த விவசாயிதான் மடையை அடைப்பார்? உரிமையை இழக்காமல் ஏரிக்காகக் குத்தகைக்கு விட 2022 இல் வழி செய்தீர்கள். அதற்கு மனமார நன்றி. ஆனால் எவ்வளவு விட வேண்டும், எந்த மட்டம் வரை என்று சட்டம் சொல்லாவிட்டால் அந்த வழியில் யார், எதற்காக நடப்பார்கள்?

எண் சொல்லத் தயங்காதவர்களும் இருக்கிறார்கள். 1863 ஜனவரி 29 அன்று பியர் ஆற்றங்கரையில், இன்றைய ஐடஹோவுக்குள், கர்னல் பேட்ரிக் கானரின் படை வடமேற்கு ஷோஷோனி மக்களை நூற்றுக்கணக்கில் கொன்றது. பெண்களும் குழந்தைகளும் அதில் அடக்கம். அவர்களுடைய வழித்தோன்றல்கள் 2018 இல் அந்த நிலத்தில் ஏறக்குறைய 550 ஏக்கரைக் காசு கொடுத்து வாங்கினார்கள். தண்ணீரை உறிஞ்சும் ரஷ்ய ஆலிவ் மரங்களை வெட்டிவிட்டு மண்ணுக்குரிய செடிகளை நடுகிறார்கள். ஆண்டுக்கு 13,000 ஏக்கர்-அடி (ஓர் ஏக்கரில் ஓரடி ஆழம் நிற்பது ஒரு ஏக்கர்-அடி) தண்ணீர் ஏரிக்குப் போய்ச் சேர வேண்டும் என்பது அவர்கள் வைத்திருக்கும் இலக்கு. எல்லாவற்றையும் பறிகொடுத்த ஒரு சிறு கூட்டம் ஏரிக்கு இவ்வளவு தருகிறோம் என்று எண்ணைச் சொல்லிவிட்டது. உங்களிடம் முழு மாநிலத்தின் கருவூலமும் இருக்கிறது.

2021 ஜூனில் மழைக்காக ஜெபிக்கச் சொன்னார் ஆளுநர். ஜெபிப்பதில் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை, எங்கள் ஊர்க்காரர்கள் மழைக்குக் கழுதைக் கல்யாணமே செய்து வைப்பவர்கள். ஆனால் பெய்த மழை ஏரியை எட்டுவதற்குள் வழியிலேயே தீர்ந்துபோனால் மேலே இருப்பவர் என்னதான் செய்வார்? அப்புறம் 2034 இல் இங்கே குளிர்கால ஒலிம்பிக் வருகிறது, அதற்குள் ஏரியை மீட்போம் என்று அறிவிப்பு வந்தது. நல்லது. விருந்தாளி வருகிறார் என்றுதான் வீட்டைக் கூட்ட வேண்டுமா? அதுவரை ஆர்செனிக் கலந்த ஏரிப்படுகைப் புழுதியை மூச்சில் வாங்குகிறவர்கள் இங்கேயே குடியிருக்கிறவர்கள். கலிபோர்னியாவின் ஓவன்ஸ் ஏரியை வற்றவைத்த லாஸ் ஏஞ்சலஸ் நகரம் அந்தப் புழுதியை அடக்க இதுவரை 200 கோடி டாலருக்கு மேல் கொட்டியிருக்கிறது. அதைவிடப் பன்மடங்கு பெரிய ஏரி நம்முடையது.

சரி, குரல் உயர்ந்துவிட்டது, மன்னியுங்கள். இதைத் தமிழில் எழுதுவானேன் என்று நீங்கள் கேட்கலாம். மரக்காணம் பக்கம் இறால் குஞ்சுப் பொரிப்பகங்களில் குஞ்சுகளுக்குத் தீவனமாகப் போடும் ஆர்ட்டீமியா என்ற சின்னஞ்சிறு உப்புநீர் உயிரியின் முட்டைகளை உலகத்துக்கு அனுப்பும் முக்கியமான இடங்களில் ஒன்று உங்கள் ஏரி. அதன் நலம் விசாரிக்க எங்கள் ஆட்களுக்கும் கொஞ்சம் பாத்தியதை உண்டு.

வருகிற ஜனவரியில் 45 நாள் கூடுவீர்கள். கடைசி வாரத்து நெரிசலில் தள்ளாமல் முதல் வாரத்திலேயே மசோதாவை எடுத்துக்கொள்ளுங்கள். 4,198 அடி என்ற எண், அதை எட்ட வேண்டிய ஆண்டு, எட்டாவிட்டால் யார் பதில் சொல்வது என்ற விவரம், இந்த மூன்றும் அதில் இருக்கட்டும். குழுவில் தோற்கடிப்பதானாலும், யார் எப்படி வாக்களித்தீர்கள் என்று நாங்கள் பார்க்கும்படி பெயர் சொல்லி வாக்களியுங்கள் என்று பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
சால்ட் லேக் பள்ளத்தாக்கில் குடியிருக்கும் ஒரு தமிழர்