தம்பி, அந்தச் செம்பாறைகளை அழித்துவிடு

அன்புள்ள தம்பிக்கு,

நீ அனுப்பிய படக்கதையின் 12 பக்கங்களையும் பார்த்தேன். குதிரைகளுக்காகவே மூன்று முறை புரட்டினேன். ஆனால் உன் கதாநாயகன், அமெரிக்கப் பழங்குடியான கமாஞ்சி வீரன், முதல் பக்கத்திலேயே தப்பான ஊரில் நிற்கிறான்.

அவனுக்குப் பின்னால் தூண்தூணாக நிற்கிற செம்பாறைகள் நவஹோ என்ற வேறொரு பழங்குடி மக்களின் மண். 1956-இல் வந்த 'தி சர்ச்சர்ஸ்' படத்துக்காக ஹாலிவுட் இயக்குநர் ஜான் ஃபோர்டு ஒரு டெக்சஸ் கதையை அங்கே கொண்டுபோய் எடுத்தார். கமாஞ்சிகளாக நவஹோக்கள் நடித்தார்கள். கமாஞ்சித் தலைவனாக நடித்தவர் ஜெர்மனியில் பிறந்தவர். நானும் சின்ன வயதில் அந்தப் பாறைகளை நம்பி வளர்ந்தவன்தான், உன்னை எப்படித் திட்டுவது? கமாஞ்சிகளின் நாடு புல்வெளி. மேற்கு டெக்சஸில் மேசைபோல் கிடக்கும் தரை. அது சட்டென்று பிளந்து பாலோ டூரோ பள்ளத்தாக்காக இறங்கும். செந்நிறம்தான் வேண்டுமென்றால் அந்தச் சரிவில் இருக்கிறது, எடுத்துக்கொள்.

1874 செப்டம்பரில் அமெரிக்க ராணுவத் தளபதி மெக்கன்சியின் படை அங்கிருந்த கமாஞ்சி, கயோவா, செயேன் பழங்குடிகளின் முகாம்களைத் தாக்கியது. ஆட்கள் பெரும்பாலும் தப்பிவிட்டார்கள். படை கூடாரங்களையும் குளிர்காலத்துக்குச் சேர்த்த உணவையும் எரித்தது. பிடித்த குதிரைகளில் ஆயிரத்துக்கும் மேல் சுட்டுக் கொன்றது. மறு ஆண்டு கமாஞ்சித் தலைவர் குவானா பார்க்கரின் கூட்டம் ஃபோர்ட் சில் ராணுவ முகாமில் சரணடைந்தது. நீ நான்கு பக்கம் வரைந்திருக்கும் கத்திச்சண்டையை எடுத்துவிட்டு இந்தக் குதிரைகளை வரை. உன் கைக்கு இதுதான் வரும்.

கூடாரத்துக்குப் பக்கத்தில் நட்டிருக்கிறாயே, முகம் முகமாகச் செதுக்கிய கம்பம், அது பசிபிக் கரையோர மக்களுடையது. பிடுங்கிவிடு.

வசனம்தான் எனக்கு அதிகம் உறுத்தியது. "வெள்ளையன் பொய். நாம் போர்" என்று அரைகுறையாக ஏன் பேசுகிறார்கள்? அவரவர் மொழியில் யாரும் திக்கிப் பேசுவதில்லை. 1867-இல் அமெரிக்க அரசோடு நடந்த மெடிசின் லாட்ஜ் ஒப்பந்தக் கூட்டத்தில் பேசிய கயோவாத் தலைவர் சடாண்டாவைப் பத்திரிகைகள் 'சமவெளியின் சொற்பொழிவாளர்' என்றன. இன்னொன்று: கமாஞ்சியும் கயோவாவும் ஒரே மொழிக் குடும்பம்கூட இல்லை. கமாஞ்சி, ஷோஷோனி என்ற மொழிக்கு உறவு. கயோவா மொழியில் தொனி மாறினால் பொருள் மாறும். 1800-ஐ ஒட்டிச் சமாதானமாகி ஒன்றாக வேட்டையாடினார்கள் என்பது உண்மை. மொழி தெரியாத இருவர் சந்தித்தால், சமவெளி மக்கள் எல்லாருக்கும் பொதுவான சைகை மொழி இருந்தது. படக்கதைக்காரனுக்கு இதைவிட என்ன வேண்டும்!

நீ யாரைப் பார்த்து வரைகிறாய் என்று கேட்டதற்கு சினிமா என்றாய். கயோவாக்கள் தங்களைத் தாங்களே வரைந்து வைத்திருக்கிறார்கள், தம்பி. செட்டான் என்ற கயோவாவின் பட நாட்காட்டி 1833-இல் தொடங்கி 60 ஆண்டுகள் ஓடுகிறது. குளிர்காலத்துக்கு ஒரு கருங்கோடு, செடிகொடி காய்ந்ததன் குறி. கோடைக்கு, அவர்களின் சடங்கான சூரிய நடனத்தின் கூடம். அதன்மேல் அந்தப் பருவத்தில் நடந்த ஒன்று மட்டும். 1833 குளிர்காலத்துக்கு, வானத்திலிருந்து நட்சத்திரங்கள் கொட்டியது. 1839-க்கு, உடம்பெல்லாம் செம்புள்ளியோடு ஒரு மனிதன்: பெரியம்மை. ஒரு பருவத்துக்கு ஒரே படம். நீ ஒரு சண்டைக்கு 16 கட்டம் போடுகிறாய்.

1875-இல் ஃபுளோரிடாவின் ஃபோர்ட் மேரியன் கோட்டைக்குக் கைதிகளாகக் கொண்டுபோகப்பட்டவர்களும் வரைந்தார்கள். அவர்களில் வோஹா என்ற கயோவா இளைஞன் தன்னையே வரைந்திருக்கிறான். ஒரு பக்கம் காட்டெருமை, மறுபக்கம் வீட்டு மாடு; இரண்டுக்கும் புகைக்குழாய் நீட்டியபடி நடுவில் அவன். மேலே பெயரும் எழுதியிருக்கிறான். அந்த ஒரு தாளை ஒரு நாள் முழுக்க உட்கார்ந்து பார். நான் பார்த்தேன், இன்னும் முடியவில்லை.

12-ஆம் பக்கத்தில் உன் வீரன் அந்திச் சூரியனுக்குள் போய் மறைகிறான். எங்கே போகிறான்? இன்று ஒக்லஹோமாவில் லாட்டன் பக்கம் கமாஞ்சிகளும் கார்னகி பக்கம் கயோவாக்களும் இருக்கிறார்கள், சொந்த அருங்காட்சியகங்களோடு. 1944-இல் நார்மண்டிக் கரையில் அமெரிக்கப் படையின் கமாஞ்சி வீரர்கள் தங்கள் மொழியில் ராணுவச் செய்தி அனுப்பினார்கள். டாங்கிக்கு 'ஆமை', ஹிட்லருக்கு 'பைத்தியக்கார வெள்ளையன்'. பள்ளி விடுதிகளில் பேசினால் தண்டனை கிடைத்த அதே மொழி.

கடைசிப் பக்கத்துக்கு வேறு படம் சொல்கிறேன். 1890 கோடையில் கயோவாக்கள் சூரிய நடனத்துக்குக் கவைக்கம்புகள் நட்டார்கள். படை வருகிறது என்று செய்தி வந்ததும் கலைந்து போனார்கள். கம்புகள் அப்படியே நின்றன. நாட்காட்டியில் அந்தக் கோடைக்கு அதுதான் பெயர்.

ஆனால் சடங்குக்கு உரியதை வரையும்முன் கார்னகியில் இருக்கும் கயோவாக்களுக்கு எழுதிக் கேள். வேண்டாம் என்றால் விட்டுவிடு. திருத்திய பக்கங்களைப் பொங்கலுக்குள் அனுப்பு. குதிரைகளில் மட்டும் கை வைக்காதே.

அன்புடன்,
அண்ணன்