தம்பிக்கு, அந்தக் கல்லைப் பற்றி

அன்புள்ள தம்பிக்கு,

இங்கே எல்லோரும் சுகம். அம்மாவுக்கு முட்டிவலி முன்னைக்குப் பரவாயில்லை. தங்கச்சி வளைகாப்புக்கு நாள் பார்த்துக்கொண்டிருக்கிறோம், முடிவானதும் சொல்கிறேன். கீழ்த்தோட்டத்துக் கிணற்றில் தண்ணீர் ஏறியிருக்கிறது. மற்ற விஷயங்கள் இருக்கட்டும்.

நாகரத்தினம் என்று ஒரு வீடியோ அனுப்பினாயே, அதைத் திரும்பத் திரும்பப் பார்த்தேன். "இப்படி ஒரு கல் நிஜமாகவே இருக்குமாப்பா?" என்று கேட்டாய். இல்லை என்று பதில் போட்டேன். அதற்கப்புறம் நீ பேசவே இல்லை. போன் செய்தால் மீட்டிங் என்கிறாய். வேலை இருக்கும்தான். கடிதமென்றால் நேரம் கிடைக்கும்போது முழுசாகப் படிப்பாய் என்றுதான் எழுதுகிறேன்.

அதில் ஒருவன் நாகத்தின் தலையைக் கீறிக் கல்லை எடுக்கிறான். அந்தத் தலைக்குள் கல்லுக்கு ஏது இடம்? கண்ணுக்குப் பின்னால் இருப்பது விஷச் சுரப்பி. முன்கூட்டியே தோலுக்கடியில் செருகி வைத்ததைத்தான் அவன் வெளியே எடுக்கிறான். நாகத்தை அப்படிக் கீறுவதே 1972 வனவிலங்குச் சட்டப்படி குற்றம். அப்புறம் விளக்கை அணைத்ததும் கல் பச்சையாக ஒளிர்கிறதே, அதுதான் உன்னை மயக்கியிருக்கும். ஸ்ட்ரான்ஷியம் அலுமினேட் என்று ஒரு பொடி இருக்கிறது. இருட்டில் ஒளிரும் பெயின்டிலும் கடிகார முள்ளிலும் பூசுவது அதைத்தான். பிசினில் கலந்து உருட்டினால் உன் நாகரத்தினம் தயார். ஒளி மங்க மங்க, டார்ச் அடித்து மறுபடி ஏற்றிக்கொள்வார்கள்.

கல் ஒளிராது என்று நான் சொல்லவில்லை. ஒளிரும். உனக்கே தெரியும். கரண்டு போன ராத்திரி, ரெண்டு வெங்கச்சாங்கல்லை, அதான் வெள்ளைக் குவார்ட்ஸ் கல்லை, உன் கையில் கொடுத்துத் தேய்க்கச் சொன்னேன். உரசின இடத்தில் கல்லுக்குள்ளேயே ஆரஞ்சு வெளிச்சம் பளிச் பளிச்சென்று வந்தது, கருகின வாடையும் அடித்தது. "நெருப்பாப்பா?" என்று கேட்டாய். பக்கெட் தண்ணீருக்குள் முக்கித் தேய்க்கச் சொன்னேன், அங்கேயும் வந்தது. நீ கையை எடுத்ததும் போய்விட்டது. ஃபுளோரைட் கல்லில் சிலதைச் சூடாக்கினால் ஒளிரும், ஒருமுறை நன்றாகச் சூடாக்கிவிட்டால் அதுவும் தீர்ந்துபோகும். மாணிக்கத்தில் புற ஊதா விளக்கைக் காட்டினால் தணல் மாதிரி சிவக்கும், அது அதில் இருக்கும் குரோமியத்தால் வருவது. உரசல், சூடு, வெளிச்சம், ஏதாவது ஒன்று உள்ளே போனால்தான் ஒளி வெளியே வரும். எதுவும் வாங்காமல் காலமெல்லாம் தானாக ஒளிரும் கல், பாம்புத் தலையிலும் இல்லை, பூமிக்குள்ளும் இல்லை.

நம் ஊர் சந்திரகாந்தக்கல்லையே எடுத்துக்கொள். நிலா பட்டால் அதில் தண்ணீர் கசியும் என்று அந்தக் காலத்திலிருந்து பாடிவருகிறார்கள். எத்தனையோ பௌர்ணமிக்கு வாசலில் உட்கார்ந்து அதைப் பட்டை போட்டிருக்கிறேன், ஒரு சொட்டு வந்ததில்லை. ஆனால் அதற்குள் மிதக்கிற அந்த நீல வெள்ளை ஒளி நிஜம். பெல்ஸ்பார் என்கிற கனிமத்தில் ரெண்டு வகை மெல்லிய அடுக்கு அடுக்காகப் படிந்திருக்கும், வெளிச்சம் அங்கே சிதறி நமக்கு அப்படித் தெரிகிறது. அரக்குக் குச்சியில் ஒட்டும்போது அடுக்கு கொஞ்சம் சாய்ந்தாலும் ஒளி ஓரத்துக்குப் போய்விடும், கல் செத்த கல். அந்தச் சாய்வை என் கண்ணைவிட உன் கண் சீக்கிரம் பிடிக்கும். எட்டாவது படிக்கும்போதே நீ அப்படித்தான். பள்ளிக் கண்காட்சியில் கல்லைக் காற்றில் ஒருமுறை, தண்ணீருக்குள் ஒருமுறை எடை போட்டு, படிகம் 2.65, மாணிக்கம் 4 என்று அடர்த்தி சொன்னாயே. பார்க்கிறவர்களிடமெல்லாம் அதை இன்னமும் சொல்கிறேன். அந்தப் பிள்ளை போனில் வந்த ஒரு வீடியோவைப் பார்த்துவிட்டு என்னிடம் நிஜமா என்று கேட்கிறான்!

கொடுமணலில் தோண்டினபோது பெரில் என்கிற மணிக்கல், படிகம், சூதுபவளம் எல்லாம் கிடைத்தன. இந்த நொய்யல் கரையில் ரெண்டாயிரம் வருஷத்துக்கு முன்பே கல்லறுத்துத் துளைபோட்டிருக்கிறார்கள். படியூர்ப் பெரில் தெரிந்த மண் இது. இங்கே பிறந்தவனை வெறும் ஒளியைக் காட்டி ஏமாற்ற வருகிறார்கள் என்றால் எனக்குத் தாங்கவில்லை.

இவர்கள் செய்வது எல்லா இடத்திலும் ஒரே மாதிரிதான். அரிசியை இழுக்கும் இரிடியம் என்று கோயில் கலசத்தையே திருட வைத்தவர்கள் வழிதான் இதுவும். (இரிடியம் அரிசியை இழுக்காது. அரிசியில் இரும்புப் பொடி, பாத்திரத்தில் காந்தம்.) வெளிநாட்டுக் கம்பெனி கோடிக் கணக்கில் வாங்கும் என்பார்கள். முதலில் டெஸ்ட் பண்ண ஒரு தொகை, அப்புறம் விஞ்ஞானி வரச் செலவு, அப்புறம் அனுமதிக்கு. அவசரம் என்பார்கள், வீட்டில் சொல்லாதே என்பார்கள். சென்னிமலை மாமா கதை உனக்குத் தெரியும், நான் எழுத வேண்டாம்.

யார் என்ன காகிதம் நீட்டினாலும் கையெழுத்துப் போடாதே. வடக்குத் தோட்டத்துப் பத்திரத்தில் உன் பெயரும் இருக்கிறது என்பதற்காகச் சொல்லவில்லை, பொதுவாகவே சொல்கிறேன்.

பாப்பா பிறந்தநாள் போட்டோ வந்தது. கேக் நன்றாக இருந்தது. மருமகள் கழுத்தில் மஞ்சள் கயிறு மட்டும் தெரிந்தது. அம்மா அந்தப் போட்டோவை விரலால் பெரிதாக்கிப் பார்த்தாள், என்னிடமும் காட்டினாள். ரெண்டு பேரும் ஒன்றும் பேசிக்கொள்ளவில்லை. மருமகளுக்குப் போன் செய்து கேட்க வேண்டாம் என்று நான்தான் சொன்னேன். நீயாகச் சொன்னால் கேட்டுக்கொள்வோம். திட்ட மாட்டேன், அம்மாவும் அழ மாட்டாள்.

ஒருவேளை பணம் ஏதாவது கை மாறியிருந்தால், இதைப் படித்த உடனே 1930-க்குப் போன் செய். போன், ஆன்லைன் வழியாக நடக்கும் பண மோசடிக்கென்று உள்ள எண் அது. சீக்கிரம் சொன்னால்தான் கணக்கை முடக்க முடியும். அவர்கள் அனுப்பிய மெசேஜ், ரசீது எதையும் அழிக்காதே. கையெழுத்து மட்டும் எதிலும் போடாதே. கல்லை உன்னிடம் கொடுத்திருந்தால் அதையும் எடுத்துக்கொண்டு வெள்ளிக்கிழமை ராத்திரி பஸ் ஏறிவிடு, டிக்கெட்டுக்குப் பணம் அனுப்புகிறேன். என்ன தொகை என்று வந்து சொல், பார்த்துக்கொள்ளலாம்.

அப்பா