ஸ்பாட்னிட்ஸை எங்கிருந்து தொடங்குவது

அன்புள்ள முரளி,

கடிதம் கிடைத்தது. பயிற்சி முடிந்து நீ நேரடியாக நோயாளிகளைப் பார்க்கத் தொடங்கியதில் ரொம்ப சந்தோஷம்.

அமெரிக்க உளப்பகுப்பாய்வாளர் ஹைமன் ஸ்பாட்னிட்ஸை எங்கிருந்து படிக்கலாம் என்று கேட்டிருந்தாய். ஸ்கிசோஃப்ரீனியா (மனச்சிதைவு) நோயாளிகளின் உளப்பகுப்பாய்வு, அதாவது பேச்சின் வழியே உள்மனதை ஆராயும் சிகிச்சை பற்றி அவர் 1969-இல் எழுதிய நூலிலிருந்துதான். 1985-இல் வந்த இரண்டாம் பதிப்பு கிடைத்தால் இன்னும் நல்லது. 1961-இல் குழு சிகிச்சை பற்றி எழுதியது எளிய வாசிப்பு, பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

தன்மோக நிலையில், அதாவது மனம் தனக்குள்ளேயே திரும்பிவிட்ட நிலையில் இருப்பவர்களுக்கு டிரான்ஸ்ஃபரன்ஸ் (பழைய உறவுகளின் உணர்வுகளைச் சிகிச்சையாளர்மேல் ஏற்றுவது) உருவாகாது, ஆகவே பகுப்பாய்வு பலிக்காது என்பது ஃப்ராய்டின் கருத்து. உருவாகும், ஆனால் வேறு வடிவத்தில் என்றார் ஸ்பாட்னிட்ஸ். நோயாளி நம்மைத் தனி ஆளாகப் பார்ப்பதில்லை, தன்னில் ஒரு பகுதியாகவே உணர்கிறார். சிறுவயதில், தனக்குத் தேவையானவரைக் காப்பாற்றுவதற்காகத் தன் கோபத்தைத் தன்மேலேயே திருப்பிக்கொண்டவர் அவர். அந்தக் கோபம் பேச்சாக வெளியே வரவேண்டும். ஸ்பாட்னிட்ஸின் முறை முழுவதும் இதற்காகத்தான்.

தொடக்கத்தில் விளக்கம் சொல்லாதே. பெரும்பாலும் மௌனமாக இரு. நோயாளி தானாக உன்னை நோக்கிப் பேசும்போது அதே அளவில் பதில் கொடு. "அறை ஏன் இவ்வளவு சூடாக இருக்கிறது?" என்றால் "என்ன செய்யலாம்?" என்று கேள். "உங்களுக்கு ஏன் அப்படித் தோன்றுகிறது?" என்று கேட்டுவிடாதே; கேள்வி அவர்மேல் திரும்பியதும் அவர் சுருங்கிவிடுவார். கேள்விகள் எப்போதும் வெளியே இருப்பதைப் பற்றியே இருக்கட்டும், ஒரு அமர்வுக்கு நாலைந்து போதும்.

"நான் எதற்கும் லாயக்கில்லை" என்பவரிடம் "நீங்கள் திறமைசாலி" என்றால் அவர் இன்னும் தனியாகிவிடுவார். "இவ்வளவு நாள் சிகிச்சை கொடுத்தும் உங்களை இப்படியே வைத்திருக்கிறேனே, என்னிடம் என்ன கோளாறு?" என்று கேட்டுப் பார். உள்ளே போன கோபத்துக்கு வெளியே ஒரு இலக்கு கிடைக்கும். இங்கேதான் பலரும் சறுக்குகிறார்கள். வாக்கியத்தை மனப்பாடம் செய்து வித்தையாகச் சொன்னால் நோயாளி அதைக் கேலியாகத்தான் எடுத்துக்கொள்வார். அந்த உணர்வு உனக்குள் உண்மையிலேயே எழும்வரை வாய் திறக்காதே.

அதனால் கவுண்டர் டிரான்ஸ்ஃபரன்ஸை (சிகிச்சையாளருக்குள் எழும் உணர்வுகளை) ஸ்பாட்னிட்ஸ் இரண்டாகப் பிரிக்கும் பகுதியை நிதானமாகப் படி. உன் பழைய வாழ்க்கையிலிருந்து வருவது ஒன்று, நோயாளி உன்னில் எழுப்புவது இன்னொன்று. முதலாவதை உன் சொந்தப் பகுப்பாய்வில் தீர்த்துக்கொள்ள வேண்டும். இரண்டாவதை வெகுகாலம் தாங்கி வைத்திருந்து, நோயாளிக்குத் தாங்கும் வலு வந்த பிறகே சிறு அளவுகளில் திருப்பிக் கொடுக்க வேண்டும். தடுப்பூசி வேலை செய்யும் விதத்திலிருந்துதான் இதற்கு "டாக்ஸாய்டு ரெஸ்பான்ஸ்" என்று அவர் பெயர் வைத்தார். அவசரப்பட்டுக் கொட்டிவிட்டால் நோயாளி அடுத்த அமர்வுக்கு வரமாட்டார்.

நோயாளி சிகிச்சைக்குக் காட்டும் எதிர்ப்புகளுக்கும் ஸ்பாட்னிட்ஸிடம் வரிசை உண்டு. தாமதமாக வருவது, வராமலே இருப்பது, கட்டணம் தராதது என்று சிகிச்சையையே முறிக்கக்கூடியவற்றை முதலில் கவனி, மற்றவை காத்திருக்கும்.

ஒரு விஷயத்தில் மட்டும் அவரை அப்படியே பின்பற்றாதே. மனச்சிதைவுக்கு உயிரியல் காரணங்களும் உண்டு என்பதை இன்று நாம் கூடுதலாக அறிந்திருக்கிறோம். மனநல மருத்துவரோடு சேர்ந்தே வேலை செய், மருந்து நிற்கக் கூடாது.

மௌனம் நீளும் அமர்வுகளில் உனக்குள் என்ன எழுகிறது என்பதைக் குறித்துவைத்து அடுத்த கடிதத்தில் எழுது. அதைப் பற்றி விரிவாகப் பேசலாம்.

அன்புடன்,
ரகு