மாரென் ஆடே சும்மா இருக்கவில்லை

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த ஜெர்மன் சினிமா கட்டுரையை விரும்பிப் படித்தேன். ஹெர்சாக், வெண்டர்ஸ், பாஸ்பைண்டர் என்று மூத்த இயக்குநர்களுக்குப் பக்கம் பக்கமாக இடம் கொடுத்திருந்தீர்கள், சரி. ஆனால் இயக்குநர் மாரென் ஆடேயை மட்டும் ‘மூன்று படங்களோடு நின்றுபோனவர்’ என்று ஒரே வரியில் கடந்துவிட்டது உறுத்தியது.

கணக்கு சரிதான். 2003, 2009, 2016 என்று ஆறேழு ஆண்டுக்கு ஒரு படம். மூன்றையும் எழுதி இயக்கியவர் அவரே. அவசரமாக எழுதினால் என்னென்ன கிடைக்காமல் போகும் என்பதற்கு 2016இல் வந்த ‘டோனி எர்ட்மான்’ படத்தில் ஒரு காட்சி போதும். ருமேனியத் தலைநகர் புக்கரெஸ்டில், முன்பின் தெரியாத ஒரு குடும்பத்தின் வீடு. ஈஸ்டர் முட்டைக்கு வண்ணம் தீட்டுகிறார்கள். விக்கும் பொய்ப்பல்லுமாக அங்கே வந்து நிற்கும் அப்பா, தன்னை ஜெர்மன் தூதர் என்றும் மகளைத் தன் உதவியாளர் என்றும் அளக்கிறார். போதாக்குறைக்கு, கீபோர்டில் உட்கார்ந்து விட்னி ஹூஸ்டன் பாட்டை வாசிக்க ஆரம்பித்துவிடுகிறார். பாட வேண்டியது மகள்! வேண்டாவெறுப்பாகத் தொடங்குகிறாள், போகப்போக எங்கிருந்தோ ஒரு ஆவேசம் வந்து தொண்டை கிழியப் பாடுகிறாள். முடித்ததும் விறுவிறுவென்று வெளியே போய்விடுகிறாள். வேறு யாராவது எழுதியிருந்தால் அப்பாவும் மகளும் அங்கேயே கட்டிப்பிடித்து அழுதிருப்பார்கள்.

படம் 162 நிமிடம். நீளம் என்கிறார்கள். நம்மூர்ப் படங்களில் வளர்ந்தவர்களுக்கு அதெல்லாம் ஒரு நீளமா?

கான் திரைப்பட விழாவில் நடுவர் குழு இதற்கு ஒரு விருதும் தரவில்லை, விமர்சகர்கள் தந்தார்கள். அதே ஆண்டு ஐரோப்பியத் திரைப்பட விருதுகளில் படம், இயக்கம், திரைக்கதை, நடிகர், நடிகை என ஐந்தையும் அள்ளியது. அப்புறம் ஆஸ்கர் பரிந்துரை.

அதற்குப் பிறகு அவர் இயக்கிய முழுநீளப் படம் எதுவும் வரவில்லை என்பது உண்மை. ஆனால் மியூனிக்கில் சினிமா படிக்கும் காலத்திலேயே தோழி யானினே யாகோவ்ஸ்கியோடு தொடங்கிய ‘கோம்ப்ளிட்சென் ஃபிலிம்’ தயாரிப்பு நிறுவனத்தைக் கட்டுரையாளர் மறந்துவிட்டார். வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கர் வாங்கிய சிலி நாட்டுப் படம் ‘எ ஃபென்டாஸ்டிக் உமன்’, இளவரசி டயானாவைப் பற்றிய ‘ஸ்பென்சர்’ இரண்டின் தயாரிப்பிலும் அந்த நிறுவனத்துக்குப் பங்கு உண்டு. அடுத்தவர் படத்துக்குப் பணம் திரட்டிக் கொடுப்பவரை எந்தக் கணக்கில் ‘நின்றுபோனவர்’ என்பது?

அவரைப் பற்றித் தனியாகவே ஒரு கட்டுரை போடுங்கள். அதில் முதல் படத்துக்குக் கொஞ்சம் கூடுதல் இடம் வேண்டும். படிப்பை முடிப்பதற்காக எடுத்த படம். புது ஊருக்கு வேலைக்கு வரும் ஓர் இளம் ஆசிரியை, வகுப்பிலும் வெளியிலும் யாரோடும் ஒட்ட முடியாமல் தவிப்பதுதான் கதை. கடைசியில் காரை ஓட்டிக்கொண்டிருக்கும்போதே அவள் செய்யும் ஒரு காரியம் இருக்கிறதே, அதைக் கட்டுரையாளர் வெளியே சொல்லாமல் எழுதினால் நல்லது.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
திருநெல்வேலி