டான் ஃபாக்ஸ் அவர்களுக்கு, 1967-68 சீசனைப் பற்றி

அன்புள்ள டான் ஃபாக்ஸ் அவர்களுக்கு,

நீங்கள் 2008இல் காலமானது தெரிந்தும்தான் எழுதுகிறேன். உங்கள் பெயரைத் தேடினால் முதலில் வருவது 1968 மே 11, வெம்ப்ளி, கடைசி நிமிடத்தில் தவறிய அந்த உதை. இரண்டாவதாக வருவதும் அதுதான், மூன்றாவதும் அதுதான். எனக்கு இதில் பெரிய வருத்தம் உண்டு, ஏனென்றால் அந்த சீசனில் இங்கிலாந்து ரக்பி லீக்கின் (அணிக்கு 13 பேர் ஆடும் ரக்பி வகை) சாம்பியன்கள் உங்கள் வேக்ஃபீல்ட் டிரினிட்டிதான்.

அப்போது 30 அணிகள் ஒரே பட்டியலில் ஆடின, முதல் 16 இடங்களைப் பிடித்தவர்கள் நாக்-அவுட்டில் மோதி சாம்பியனை முடிவு செய்தார்கள். பட்டியலில் முதலிடம் லீட்ஸுக்கு. ஆனால் ஹெடிங்லியில் நடந்த இறுதிப் போட்டியில் ஹல் கிங்ஸ்டன் ரோவர்ஸை 17-10 என்று வென்று கோப்பையைத் தூக்கியது நீங்கள். அதற்கு முந்தைய ஆண்டும் நீங்கள்தான் சாம்பியன், செயின்ட் ஹெலன்ஸோடு இறுதிப் போட்டி சமனில் முடிந்து மறுபடி ஆடி வென்றீர்கள். வேக்ஃபீல்ட் தன் வரலாற்றிலேயே வென்ற முதல்நிலை லீக் சாம்பியன் பட்டங்கள் அந்த இரண்டும்தான். இதை எத்தனை பேர் சொல்கிறார்கள்?

சரி, வெம்ப்ளிக்கே வருகிறேன். லீக்கிலிருந்து தனியாக நடக்கும் நாக்-அவுட் போட்டியான சேலஞ்ச் கோப்பையின் இறுதி, எதிரில் லீட்ஸ். கொட்டித் தீர்த்த மழையில் மைதானம் குளமாகிவிட்டது, ஓடுகிறவர்கள் விழுந்தால் தண்ணீரில் வழுக்கிக்கொண்டே பல அடி தூரம் போகிறார்கள். அந்தச் சேற்றில் இடைவேளையின்போது நீங்கள் 7-4 என்று முன்னால் இருந்தீர்கள், அந்த ஏழில் நான்கு புள்ளிகள் உங்கள் காலில் வந்தவை. டிரை என்றால் பந்தை எதிரணியின் எல்லைக்கோட்டுக்கு அப்பால் தரையில் பதிப்பது; பிறகு லீட்ஸுக்கு ஒரு பெனால்டி டிரை, அதாவது எதிரணியின் விதிமீறலுக்காக நடுவரே கொடுக்கும் டிரை, கிடைத்தது (அதைப் பற்றி இன்றைக்கும் வாதம் ஓயவில்லை), அதன் கன்வெர்ஷனையும் (டிரைக்குப் பிறகு கம்பங்களுக்கு நடுவே உதைக்கும் உதை) அப்புறம் இன்னொரு பெனால்டி உதையையும் லீட்ஸின் பெவ் ரிஸ்மன் அடித்தார், 11-7. ஆட்டம் முடிந்தது என்று எல்லோரும் நினைத்த நேரத்தில் உங்கள் அணியின் கென் ஹர்ஸ்ட் பந்தைக் காலால் தட்டிக்கொண்டே ஓடிப்போய் கம்பங்களுக்கு நடுவிலேயே விழுந்து டிரை அடித்தார். அன்றைய கணக்கில் டிரைக்கு மூன்று, 11-10. கன்வெர்ஷன் போனால் இன்னும் இரண்டு, கோப்பை உங்களுக்கு.

அந்த உதைக்கு நீங்கள் வந்ததே உங்கள் தம்பி நீல் காயம்பட்டு ஆட முடியாமல் போனதால்தான். ரக்பி லீக்கிலேயே அதிகப் புள்ளிகள் குவித்தவர் அவர், அன்று ஆடியிருந்தால் பந்தை உதைத்திருப்பவர் அவராகத்தான் இருந்திருப்பார். கம்பத்துக்கு நேர் எதிரே இருந்ததால் எளிது என்று எழுதுகிறவர்கள் யாரும் தண்ணீர் குடித்துக் கனத்த தோல் பந்தைச் சேற்றில் நிறுத்தி உதைத்துப் பார்த்திருக்க மாட்டார்கள். கடைசி நிமிடம், 87,000 பேர், எண்பது நிமிடம் முன்வரிசையில் முட்டிமோதிய கால்கள், அதுவும் ஊன்றிய கால் நிலைக்காத தரை. பந்து வலப்பக்கமாக விலகிப் போனது. நீங்கள் அப்படியே சேற்றில் சரிந்துவிட்டீர்கள்.

ஆட்டத்தின் சிறந்த வீரருக்கான லான்ஸ் டாட் விருதுக்குப் பத்திரிகையாளர்கள் அதற்கு முன்பே உங்களைத் தேர்ந்தெடுத்துவிட்டார்கள். அதை ஆறுதல் பரிசு போலப் பேசுவது எனக்குப் பிடிக்கவில்லை. அந்த வெள்ளத்தில் யார் நன்றாக ஆடினார் என்று பார்த்துக் கொடுத்த விருது அது. ஷார்ல்ஸ்டன் என்ற சுரங்க ஊரிலிருந்து வந்து, ஃபெதர்ஸ்டோன் ரோவர்ஸுக்காக 162 டிரை அடித்து, ஸ்க்ரம்-ஹாஃபாக (முன்வரிசைக்குப் பின்னால் நின்று பந்தை நகர்த்தும் இடம்) இருந்தவர் வயது கூடியதும் முன்வரிசைக்கு மாறி, அங்கேயும் வெம்ப்ளியில் 26 பேரில் முதல் ஆளாக நின்றீர்கள்.

நான் அந்த உதையை எத்தனை முறை பார்த்தேன் என்று கணக்கில்லை. அதற்கு முந்தைய வாரம் ஹெடிங்லியில் நீங்கள் சாம்பியன் ஆன ஆட்டத்தின் காட்சியை ஒரு முறைகூடப் பார்க்கக் கிடைக்கவில்லை. தேடிக்கொண்டிருக்கிறேன்.

அன்புடன்,
உங்கள் ரசிகன்