உலாவியில் ஓடும் மைன்கிராஃப்ட்: மகளுக்கு ஒரு கடிதம்

ஆயர் ஈத்தாம், பினாங்கு

அன்பு மகளுக்கு,

உன் மகன் உன் மடிக்கணினி உலாவியிலேயே, கட்டைகளை அடுக்கி உலகம் கட்டும் மைன்கிராஃப்ட் விளையாடுகிறான், நிறுத்திவிடலாமா அப்பா என்று கேட்டாய். நிறுத்தாதே அம்மா. எந்தப் பக்கத்தில் விளையாடுகிறான் என்று முதலில் பார்.

விளையாட்டை உருவாக்கிய மொஜாங் நிறுவனமே 2019 மே மாதம், பத்தாம் ஆண்டு நிறைவையொட்டி, 2009-ஆம் ஆண்டின் பழைய வடிவத்தை உலாவியில் இலவசமாக வெளியிட்டது. 32 வகைக் கட்டைகள் மட்டுமே. கணக்குத் தொடங்கத் தேவையில்லை. அதுவாக இருந்தால் நீ கவலைப்பட ஒன்றுமில்லை.

ஆனால் பையன்களிடையே சுற்றுவது பெரும்பாலும் ஈக்லர்கிராஃப்ட். 1.5.2, 1.8.8 என்னும் பழைய பதிப்புகளை உலாவியில் ஓடும்படி ரசிகர்கள் மாற்றியமைத்தது. மொஜாங்கின் அனுமதி பெறாதது. அதனால் யார் யாரோ நகலெடுத்துத் தங்கள் பக்கங்களில் வைத்திருக்கிறார்கள். எனக்கு அச்சம் அந்தப் பக்கங்களின் மேல்தான். விளம்பரம் ஒன்று ‘விளையாடு’ பொத்தானைப் போலவே வேடமிட்டு நிற்கும். அறிவிப்பு அனுப்ப அனுமதி கேட்கும், எதையாவது நிறுவச் சொல்லும். உலாவியில் ஓடும் விளையாட்டுக்கு எதையும் நிறுவ வேண்டியதில்லை. அப்படிக் கேட்டால் உடனே மூடிவிடச் சொல்.

மைன்கிராஃப்டின் இன்றைய உரிமையாளர் மைக்ரோசாஃப்ட். அந்த மைக்ரோசாஃப்ட் கணக்கின் கடவுச்சொல்லைக் கேட்கும் பக்கம் திருட வந்தது என்றே வைத்துக்கொள். ஈக்லர்கிராஃப்டில் ஒரு பெயரைத் தட்டினால் போதும், உள்ளே போய்விடலாம். பலர் இணையத்தில் கூடி விளையாடும் சர்வர்கள் சில, தங்களுக்கென்று ஒரு கடவுச்சொல்லை வைத்துக்கொள்ளச் சொல்லும். வேறெங்கும் பயன்படுத்தாத ஒன்றை அதற்குக் கொடுக்கட்டும். பெயரைச் சரிபார்ப்பவர் யாரும் இல்லாததால், அவன் தோழனின் பெயரில் முன்பின் தெரியாத ஒருவர் வந்து பேசவும் முடியும். பொது சர்வர்கள் வேண்டாம். வகுப்புத் தோழர்களோடு மட்டும் விளையாடட்டும். தன் உலகத்தில் அவர்கள் சேர்வதற்கான குறியீட்டைத் தொலைபேசியில் குரலைக் கேட்டுச் சொல்லட்டும். பள்ளிப் பெயர், வீட்டு எண் எதையும் அங்கே எழுதக்கூடாது.

எல்லாவற்றையும்விட என்னை உறுத்துவது, நீ வங்கிக் கணக்கைத் திறப்பதும் அதே உலாவியில்தான் என்பது. இன்றே அந்தக் கணினியில் அவனுக்கென்று தனிப் பயனர் கணக்கு ஒன்றைத் தொடங்கு. நிர்வாக உரிமை உன்னிடமே இருக்கட்டும். பணம் போனதாகத் தெரிந்தால் ஒரு நிமிடமும் தாமதிக்காமல் வங்கியையோ, இணைய மோசடிகளைக் கவனிக்கும் தேசிய மையத்தின் 997 என்ற எண்ணையோ அழை.

இன்னொன்று, இது அவனுக்காக. தண்ணீர்மலை முருகன் கோயிலின் 513 படிகளையும் அந்த உலகத்தில் கட்டிக்கொண்டிருக்கிறானாம். தாத்தா, பாதிக்கு மேல் வந்துவிட்டேன் என்று என்னிடம் சொன்னபோது அவன் குரலில் இருந்த பெருமையை நீ கேட்டிருக்க வேண்டும். அத்தனையும் உலாவியின் சேமிப்பிடத்தில் மட்டுமே இருக்கிறது. உலாவித் தரவுகளை நீ ஒருமுறை அழித்தால் படிகளும் அழிந்துவிடும். அந்த இணையதளத்தையே அதை நடத்துபவர் நிறுத்திவிட்டால் வேறு முகவரியில் போய்த் தேடினாலும் கிடைக்காது. உலகத்தை ஒரு கோப்பாகப் பிரதி எடுக்கும் வசதி விளையாட்டிலேயே உண்டு. வாரந்தோறும் எடுத்துப் பென்டிரைவில் வைக்கச் சொல். தனிப் பயனர் கணக்குக்கு மாற்றும் முன் ஒரு பிரதி கட்டாயம் எடுத்துவிடு, இல்லாவிட்டால் புதுக் கணக்கில் அந்த உலகம் இருக்காது.

அன்புடன்,
அப்பா