யாழினி கேட்ட தீவு

அன்புள்ள முரளிக்கு,

அம்மா எழுதுவது. இங்கு அனைவரும் நலம். அப்பாவுக்குச் சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறது. சென்ற ஞாயிறன்று தொலைபேசியில் யாழினி, "பாட்டி, டொமினிக்கா எங்கே இருக்கிறது?" என்று கேட்டாள். நான் பதில் சொல்லத் தொடங்குவதற்குள் கவிதா, அடுப்பில் பால் இருப்பதாகச் சொல்லித் தொடர்பைத் துண்டித்துவிட்டாள். வாழ்நாளெல்லாம் புவியியல் நடத்தியவளிடம் ஒரு குழந்தை கேட்ட கேள்வி பாதியில் நிற்கக் கூடாது என்பதற்காகவே இதை எழுதுகிறேன். நீயே அவளுக்குப் படித்துக் காட்டு. உனக்கும் உதவக்கூடும்.

கரீபியன் கடலின் கிழக்கு விளிம்பில், வடக்கே குவாதலூப்புக்கும் தெற்கே மார்த்தினிக்குக்கும் இடையில் டொமினிக்கா இருக்கிறது. அவ்விரண்டும் இன்றளவும் பிரான்சின் பகுதிகள். நடுவிலுள்ள இது மட்டும் தனி நாடு. டொமினிக்கன் குடியரசு என்பது மேற்கே வெகு தொலைவில் ஸ்பானிய மொழி பேசும் வேறு நாடு. இரண்டையும் ஒன்றென்று எண்ணிக் குழம்புவோர் படித்தவர்களிலும் உண்டு. நீ எட்டாம் வகுப்பு வினாடி வினாவில் இந்த வேறுபாட்டைச் சரியாகச் சொல்லிக் கோப்பை வாங்கினாய். தலைமையாசிரியர் என்னை அழைத்துப் பாராட்டியது இன்னும் நினைவில் இருக்கிறது. மகளுக்குச் சொல்ல மட்டும் உனக்கு நேரம் இல்லை போலும்.

பரப்பு சுமார் 750 சதுர கிலோமீட்டர். நம் கன்னியாகுமரி மாவட்டத்தில் பாதிகூட வராது. மக்கள் சுமார் 70,000 பேர். ஆனால் அந்தச் சிறு நிலத்திலேயே 1,447 மீட்டர் உயரத்துக்கு ஒரு மலை எழுந்து நிற்பதால், அட்லாண்டிக்கிலிருந்து வரும் ஈரக்காற்று அதில் மோதிக் கொட்டித் தீர்க்கிறது. எங்கு திரும்பினாலும் ஆறும் அருவியும்தான். எரிமலை வாயு வெளியேறும் பிளவின் மேல் நீர் தேங்கியதால், எந்நேரமும் கொதித்துக்கொண்டிருக்கும் ஏரி ஒன்றும் அங்கே இருக்கிறது. அது அமைந்த வனப்பகுதியை 1997-இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியக் களமாக அறிவித்தது. நாட்டுக் கொடியில் சிசெரூ என்னும் கிளி இருக்கிறது. உலகில் வேறெங்கும் அது இல்லை. ஊதா நிறம் கொண்ட தேசியக் கொடிகள் மிகச் சிலவே. அந்தக் கிளியால் இக்கொடி அவற்றுள் ஒன்றாயிற்று. யாழினிக்கு இதை வரைந்து காட்டு.

கொலம்பஸ் இந்தத் தீவைக் கண்டது 1493 நவம்பர் 3 அன்று. பிரிட்டனிடமிருந்து அது விடுதலை பெற்றதும் நவம்பர் 3 அன்றுதான், ஆண்டு 1978. இடைப்பட்ட காலத்தில் பிரெஞ்சுக்காரரும் ஆங்கிலேயரும் மாறி மாறிப் பிடித்தார்கள். விடுதலைக்கு மறு ஆண்டே டேவிட் என்ற புயல் ஊரை அழித்தது. 1980-இல் யூஜீனியா சார்ல்ஸ் என்ற வழக்கறிஞர் பிரதமரானார். கரீபியன் நாடுகளில் அப்பதவிக்கு வந்த முதல் பெண் அவரே. 1981-இல் அமெரிக்காவையும் கனடாவையும் சேர்ந்த நிறவெறிக் கூலிப்படையினர் சிலர், படகில் போய் அவருடைய ஆட்சியைக் கவிழ்த்து நாட்டையே கைப்பற்றத் திட்டமிட்டு, புறப்படும் முன்பே நியூ ஆர்லியன்ஸ் அருகே பிடிபட்டார்கள். பணமும் துப்பாக்கியும் இருந்தால் ஒரு நாட்டை வாங்கிவிடலாம் என்று நினைத்திருக்கிறார்கள், பார்!

அந்தத் தீவின் பூர்வகுடிகள் காலினாகோ மக்கள். பக்கத்துத் தீவுகளில் அவர்கள் ஏறக்குறைய அழிக்கப்பட்டபோதும், இங்கே மலையும் காடும் அவர்களைக் காத்தன. 1903-இல் ஆங்கிலேய அரசு கிழக்குக் கரையில் 3,700 ஏக்கர் அளவில் அவர்களுக்கென ஒதுக்கியது. அந்த நிலம் முழுவதும் சமூகத்தின் பொதுச் சொத்து. அச்சமூகத்தில் பிறந்தவர் அங்கே வீடு கட்டலாம், மரவள்ளி பயிரிடலாம்; ஒரு சாண் நிலத்தையும் விற்க முடியாது. வங்கியில் ஈடு வைக்க முடியாததால் கடன் கிடைப்பதும் கடினம். ஆயினும் அவர்கள் அந்த ஏற்பாட்டை விட்டுவிடவில்லை. 2023-இல் அந்த இனத்தைச் சேர்ந்த சில்வானி பர்ட்டன் நாட்டின் குடியரசுத் தலைவரானார். அப்பதவியில் அமர்ந்த முதல் பெண்ணும் அவரே.

விற்க முடியாத நிலத்தைக் கொண்ட அதே நாடு 1993 முதல் தன் குடியுரிமையை விலைக்குக் கொடுத்து வருகிறது. இதை நான் இழிவாகச் சொல்லவில்லை. அவர்கள் வாழைக்காயை ஐரோப்பாவுக்கு அனுப்பிப் பிழைத்தவர்கள். பழைய காலனி நாடுகளுக்குக் கிடைத்த சலுகை உலக வர்த்தக அமைப்பின் வழக்குகளால் தேய்ந்து போனபோது விவசாயிகள் தோட்டங்களைக் கைவிட்டார்கள். அதன்பின் 2017 செப்டம்பர் 18 இரவில் வந்த மரியா புயல், பெரும்பாலான வீடுகளின் கூரையைப் பிடுங்கி எறிந்தது. பிரதமர் வீட்டுக் கூரையும் தப்பவில்லை. சேத மதிப்பு நாட்டின் ஓராண்டு மொத்த உற்பத்தியைப் போல இரண்டு மடங்குக்கும் மேல். வெளிநாட்டார் குடியுரிமைக்குச் செலுத்திய பணத்தைக் கொண்டும் வீடுகளைத் திரும்பக் கட்டினார்கள். அவர்களுக்கு அது வாழ்வு. வாங்குகிறவர்களுக்கு அது என்ன என்றுதான் எனக்கு விளங்கவில்லை.

1 லட்சம் டாலராக இருந்த குறைந்தபட்சத் தொகை 2024-இல் 2 லட்சமாக உயர்ந்தது. அந்த நாட்டில் பல ஆண்டுகள் வாழ்ந்திருக்க வேண்டும் என்ற நிபந்தனை இல்லை. விசா இல்லாமல் பல நாடுகளுக்குப் போகலாம் என்று முகவர்கள் ஆசை காட்டுகிறார்களாம். ஆனால் 2023 ஜூலையில் பிரிட்டன் டொமினிக்காக்காரர்களுக்கு விசா கட்டாயம் என்று ஒரே அறிவிப்பில் மாற்றிவிட்டது. கொடுத்த பணத்தை யார் திருப்பித் தருவார்? எந்தத் தாளிலும் கையெழுத்திடும் முன் முழுவதையும் படி. உன் சித்தப்பா படிக்காமல் போட்ட கையெழுத்தால் கீழத்தெரு வீடு என்ன ஆயிற்று என்பதை நான் உனக்குச் சொல்ல வேண்டியதில்லை.

நம் நாட்டில் இரட்டைக் குடியுரிமை கிடையாது. 1955-ஆம் ஆண்டுச் சட்டப்படி, ஒருவர் தாமே விரும்பி வேறொரு நாட்டின் குடியுரிமையைப் பெற்றால் இந்தியக் குடியுரிமை போய்விடும். கடவுச்சீட்டை ஒப்படைக்க வேண்டும். வெளிநாடுவாழ் இந்தியக் குடிமகன் அட்டை என்று ஒன்று தருகிறார்கள். பெயரில்தான் குடிமகன், வாக்குச் சீட்டு கிடையாது. வாக்களிக்கும் வயது வந்த முதல் தேர்தலில், மை வைத்த விரலைத் தெருவெல்லாம் காட்டிக்கொண்டு வந்தவன் நீ. பொதுவாகத்தான் சொல்கிறேன்.

இரண்டு வாரம் முன்பு காவல் நிலையத்திலிருந்து ஒருவர் வந்து, நன்னடத்தைச் சான்றிதழுக்காக உன்னைப் பற்றி விசாரித்துப் போனார். வேலை மாற்றத்துக்காக இருக்கும் என்று அப்பா சொன்னார். நானும் ஆமென்று சொல்லிவிட்டு, அவருக்குக் காப்பி கொடுத்து அனுப்பினேன். துபாயில் உனக்கு வேலையில் ஏதாவது நெருக்கடியா? யாழினியின் படிப்புக்காக ஏதாவது யோசிக்கிறாயா? இருந்தால் அதற்கும் வழி இருக்கும். இந்த வயதில் எங்களை அதிர்ச்சியிலிருந்து காப்பாற்ற வேண்டும் என்று நீ நினைத்தால், அது உன் நல்ல மனம்; ஆனால் அப்பா இரவில் எழுந்து உட்கார்ந்திருப்பதை நீ பார்க்கவில்லை. எதிலும் அவசரப்படாதே. கையெழுத்திடும் முன் படி.

உன் பிறப்புச் சான்றிதழின் அசலைக் கூரியரில் அனுப்பச் சொல்லி அப்பாவுக்குச் செய்தி அனுப்பியிருந்தாய். அதைத் தாத்தாவின் பட்டாக்களோடு சேர்த்து இரும்புப் பெட்டியில் வைத்திருக்கிறேன். கூரியரை நம்பி அதைக் கொடுக்க எனக்கு மனமில்லை. பொங்கலுக்கு வந்து நீயே எடுத்துக்கொண்டு போ. யாழினியையும் அழைத்து வா. பயணச்சீட்டு போட்டதும் தேதியைத் தெரிவி.

அன்புடன்,
அம்மா
பாளையங்கோட்டை